பச்சைச் சீமாட்டி இல்லாத அறை

மூன்று மணிக்கு வினோலியா வந்துவிடுவாள், அதற்குள் இந்த அறையில் அந்தப் பேய் ஒரே ஒரு தடவை வந்துவிட்டுப் போனால் போதும், ஒரு நிமிஷம்கூட வேண்டாம், ஜன்னலோரம் நின்று தலையைச் சீவிவிட்டுப் போகட்டும், நான் கத்த மாட்டேன், ஓட மாட்டேன், இதோ இந்த மர நாற்காலியில் இப்படியே கையைக் கட்டிக்கொண்டு உட்கார்ந்து பார்த்துக்கொள்வேன். பதினோரு மாதமாகக் கேட்கிறேன். காலையில் இந்தக் கோட்டையைக் கூட்டித் துடைக்கிறேன், மதியத்துக்கு மேல் இந்த மூன்றாம் மாடி அறையில் உட்கார்ந்து, வருகிறவர்கள் எதையும் தொட்டுவிடாமல் பார்த்துக்கொள்கிறேன். ஆர்ட்மோரன் கோட்டையில் பேய் இருக்கிறது என்று ஸ்காட்லாந்து முழுக்கத் தெரியும், கீழே டிக்கெட் கொடுக்கிற இடத்தில் பச்சைச் சீமாட்டி படம் போட்ட கோப்பை, துவாலை, சாவிக்கொத்து எல்லாம் இருக்கிறது. நானூறு வருஷத்துக்கு முன்னால் இந்த வீட்டு எஜமானனின் பெண்டாட்டி, பெற்ற பிள்ளைகள் எல்லாம் பிறந்து பிறந்து செத்துப் போய், இந்த ஜன்னல் பக்கம் உட்கார்ந்து தலை சீவிக்கொண்டே இருந்து, யாரிடமும் பேசாமல் செத்தாளாம். வயசுப் பெண்கள் வந்தால் தோளில் கை வைப்பாளாம். அவள் கை பட்ட பெண் சாப்பிட மாட்டாள், பேச மாட்டாள், சிரிக்க மாட்டாள். அப்படித்தான் கதை. அந்தக் கதையை எனக்கு முதலில் சொன்னதே என் மகள் வினோலியாதான், சோற்றைப் பிசைந்துகொண்டு, சிரித்துச் சிரித்து.

மணி இரண்டு பத்து. படிக்கட்டுக் கடிகாரம் இரண்டு நிமிஷம் பின்னால் ஓடும், அப்படியென்றால் இரண்டு பன்னிரண்டு. கிளாஸ்கோ பஸ் இரண்டு ஐம்பதுக்கு ஊர் நடுவில் சந்தைச் சிலுவைக் கல்தூணுக்குப் பக்கத்தில் நிற்கும், அங்கிருந்து ஏறி வரப் பத்து நிமிஷம், மழை பெய்தால் பதினைந்து. மழை பெய்கிறது. குடை கொண்டு வந்திருப்பாளோ என்னவோ, ஒருநாளும் கொண்டுவர மாட்டாள். பதினாலு மாதம் ஆகிறது நான் அவள் முகத்தைப் பார்த்து. என் வீட்டுக்காரர் ஆசீர் மட்டும் மாதத்துக்கு ஒரு ஞாயிற்றுக்கிழமை போய்ப் பார்த்துவிட்டு வருவார், வந்து மழைக்கோட்டைக் கழற்றி மாட்டிவிட்டு நேரே வீட்டுக்குக் கீழே அவர் சமைக்கிற ரெஸ்டாரண்ட் அடுப்படிக்குப் போய்விடுவார், நானும் பின்னாலேயே போய் வெங்காயத்தை எடுத்து வைத்துக்கொண்டு நிற்பேன், கேட்க மாட்டேன், அவராகச் சொல்லட்டும் என்று நிற்பேன். போன வாரம்தான் சொன்னார். "ஏளா, பிள்ளை நல்லாயில்லை. ரூம்ல இருக்கிற கண்ணாடி எல்லாத்தையும் துணி போட்டு மூடி வச்சிருக்கு. லைட்டைப் போட்டுக்கிட்டேதான் தூங்குதாம்." நான் ஏன் என்று கேட்டேன். ஆசீர் அடுப்பைச் சின்னதாக்கினார், கரண்டியைக் கழுவினார், அப்புறம் சொன்னார், "அந்தப் பொம்பளை தன்னை விட்டுப் போயிட்டாளா இல்லியான்னு அதுக்குச் சந்தேகமா இருக்காம். அம்மாகிட்டதான் கேக்கணுமாம். வியாழக்கிழமை கோட்டைக்கு வருதாம்." அவ்வளவுதான் சொன்னார். வெங்காயம் உரித்துக்கொண்டிருந்ததால் நான் அழுததை அவர் கண்டுபிடிக்கவில்லை, அல்லது கண்டுபிடித்தும் பேசாமல் இருந்தார், அவர் எப்போதும் அப்படித்தான், பேசாமல் இருந்தே எல்லாவற்றையும் என் தலையில் விட்டுவிடுவார், அன்றைக்கும் கீழே அடுப்படியில்தானே இருந்தார், மாடியில் நடந்தது அவருக்குத் தெரியாதா, சரி, அதை இப்போது நினைக்கக் கூடாது.

இன்று காலை வரைக்கும்கூட எனக்கு ஒன்று மிச்சம் இருந்தது. காலை என்ன, மதியம் ஒன்றரை மணி வரைக்கும் இருந்தது. கட்டில். இந்த அறையில் நாலு கால் வைத்து மேலே பந்தல் போட்டது மாதிரி ஒரு பெரிய கட்டில், அதன்மேல் பாசி நிறத்தில் ஒரு விரிப்பு, யாரும் உட்காரக் கூடாது, யாரும் தொடக்கூடாது, கயிறு கட்டியிருக்கிறது. தினமும் காலையில் நான் தூசித் துணியோடு வரும்போது அந்த விரிப்பில் ஜன்னலோரப் பக்கமாக ஒரு பள்ளம் இருக்கும். யாரோ உட்கார்ந்து எழுந்த பள்ளம். முதல் நாள் அதைப் பார்த்தபோது என் முதுகெல்லாம் குளிர்ந்தது, அதோடு, வெளியில் சொல்லக் கூடாது, ஒரு சந்தோஷம். இருக்கிறாள். அப்படியென்றால் நான் செய்தது சரி. நான் விரிப்பை இழுத்துச் சரி செய்வேன், மறுநாள் பார்த்தால் மறுபடியும் பள்ளம். பதினோரு மாதம் அந்தப் பள்ளத்தைப் பிடித்துக்கொண்டுதான் நான் மூச்சு விட்டேன். இன்றைக்குச் சோறு இறங்கவில்லை, டப்பாவை அப்படியே மூடி வைத்துவிட்டுச் சீக்கிரமாகவே வேலைக்காரர் படிக்கட்டு வழியாக மேலே வந்தேன், வந்து பார்த்தால் கயிற்றுக்கு அந்தப் பக்கம், கட்டிலில், ஒரு செருப்பைக் கழற்றிப் போட்டுவிட்டு முழங்காலைப் பிடித்து விட்டுக்கொண்டு எல்ஸ்பெத் உட்கார்ந்திருக்கிறாள்.

எல்ஸ்பெத் இந்த ஊர்க்காரி, அறுபத்தெட்டு வயது, முப்பது வருஷமாக இங்கே வருகிறவர்களுக்குக் கதை சொல்கிறவள். எனக்கு இந்த வேலையைக் கற்றுக் கொடுத்தவளும் அவள்தான். காலையில் யார் முதலில் கதவைத் திறந்தாலும் மூன்று தடவை தட்டி, "குட் மார்னிங் மை லேடி, சுத்தம் பண்ணத்தான் வந்திருக்கிறோம்" என்று சொல்லிவிட்டுத்தான் நுழைய வேண்டும் என்று சொல்லிக் கொடுத்தாள், இங்கே எல்லோரும் அப்படித்தான் செய்கிறார்கள், ஓட்டை விழுந்த கூரையைச் சரிபண்ண வருகிற தச்சன்கூடத் தட்டிவிட்டுத்தான் வருவான். என்னைக் கண்டதும் எல்ஸ்பெத் திடுக்கிட்டுச் செருப்பைத் தேடினாள். "ஐயோ, மாட்டிக்கிட்டேன். கேட்ரியோனாகிட்ட சொல்லிடாதே ஹென், கட்டிலைத் தொட்டேன்னு தெரிஞ்சா என்னை அந்தக் கண்ணாடிப் பெட்டியிலே வச்சுப் பூட்டிடுவா." கேட்ரியோனாதான் கோட்டை மேனேஜர். ஹென் என்றுதான் இங்கே பெண்களைப் பிரியமாகக் கூப்பிடுவார்கள், கோழி என்று அர்த்தம், முதல் மாதம் எனக்கு அது பிடிக்கவில்லை, இப்போது பழகிவிட்டது. நான் என் உடைந்த ஆங்கிலத்தில் கேட்டேன், தினமும் நீயா என்று. "காலையிலேயும் மத்தியானமும் தொண்ணூற்றாறு படி ஏறி வர்றேன். இந்த முழங்கால் என் புருஷனை விட மோசம், எங்கே உக்காரணும்னு அதுதான் முடிவு பண்ணுது. ரெண்டே நிமிஷம். சீமாட்டி ஒண்ணும் சொன்னதில்லை." சிரித்தாள். நான் சிரிக்கவில்லை. "என்ன ஹென், பேயைப் பார்த்த மாதிரி நிக்கிறே?" என்று கேட்டாள். பார்க்கவில்லை, எல்ஸ்பெத், பார்க்கவில்லை, அதுதான். அதைச் சொல்ல எனக்கு இங்கிலீஷ் போதாது, தமிழிலும் போதாது. அவள் செருப்பை மாட்டிக்கொண்டு விரிப்பை இரண்டு தட்டுத் தட்டிவிட்டு இறங்கிப் போனாள், ஒவ்வொரு படிக்கும் ஒரு முனகல்.

கூட்டுகிறவளுக்கு எல்லாம் தெரிந்துவிடுகிறது, அதுதான் இந்த வேலையில் உள்ள கஷ்டம். வருகிறவர்கள் இந்தக் குளிர்காய்கிற அடுப்பங்கல் பக்கம் நின்றால் தோளில் குளிர்ந்த கை படுகிறது என்பார்கள், அபர்டீனிலிருந்து வந்த ஒரு அம்மா அழுதே விட்டாள். மூன்றாவது வாரம் நான் அடுப்புக்குள் தலையை விட்டுச் சாம்பல் மேடையைத் துடைத்தபோது பார்த்தால், மேலே ஒரு கை அகலத்துக்குச் செங்கல் பெயர்ந்திருக்கிறது, காற்று நேராகத் தோள் உயரத்துக்கு வருகிறது. நான் அதை அடைக்கவில்லை, யாரிடமும் சொல்லவும் இல்லை. ஈரக் கம்பளி வாசம் வரும் என்று கீழே விற்கிற கோட்டைப் புத்தகத்திலேயே போட்டிருக்கிறது, சீமாட்டியின் மேலங்கியாம். மழை நாளில் மட்டும்தான் வரும். ஜன்னலுக்குக் கீழே கம்பளத்தைத் தூக்கிப் பார்த்தால் அடியில் நாலு விரல் அகலத்துக்கு ஊறிப்போய்க் கிடக்கிறது. அழுகைச் சத்தம், அது சிம்னிக்குள் கூடு கட்டுகிற சின்னக் காக்கை. காலடிச் சத்தம், அது நாலரை மணிக்கு வெந்நீர்க் குழாய் சூடு ஏறும்போது. ஒவ்வொன்றாக நானே கண்டுபிடித்தேன், கண்டுபிடிக்க வேண்டும் என்று தேடவில்லை, கர்த்தர் சத்தியமாகத் தேடவில்லை, துடைத்தேன், தெரிந்துவிட்டது. செய்யக் கூடாத காரியம்கூடச் செய்தேன். ஜன்னல் மாடத்தில் சீப்பு ஒன்றை வைத்துவிட்டுப் போனேன், மூன்று நாள், சீப்பு வைத்த இடத்திலேயே இருந்தது. ஜன்னலுக்கு முதுகைக் காட்டி உட்கார்ந்து, நீ இருந்தால் என் தோளைத் தொடு என்று சொன்னேன், வாய்விட்டுச் சொன்னேன், ஞானஸ்நானம் வாங்கினவள் ஒரு பேயைப் பார்த்து வேண்டிக்கொண்டேன். அதற்குப் பிறகு இரண்டு ஞாயிறு நற்கருணை எடுக்கவில்லை.

இரண்டு இருபத்தைந்து. படியில் யாரோ வருகிறார்கள், இவ்வளவு சீக்கிரமாகவா, பஸ் முன்னாலேயே வந்துவிட்டதா, இல்லை, இரண்டு பேர், ஆணும் பெண்ணும், மழைக்கோட்டு சரசரக்கிறது. கையில் இருக்கிற, வருகிறவர்களை எண்ணும் கருவியை இரண்டு தடவை அமுக்குகிறேன். "இதுதானா அந்த ரூம்?" என்று அந்த ஆள் கேட்கிறார், யார்க்ஷயர் பக்கத்துக்காரராம், பெண்டாட்டி போனைப் பிடித்துக்கொண்டு சுற்றிச் சுற்றி எடுக்கிறாள். "நீ பார்த்திருக்கியாம்மா அவளை?" இதற்கு என்ன சொல்ல வேண்டும் என்று கேட்ரியோனா எழுதியே கொடுத்திருக்கிறாள், இல்லை என்று மட்டும் சொல்லவே கூடாது, வருகிறவர்களின் நாளைக் கெடுக்கக் கூடாது. சிலர் பார்த்ததாகச் சொல்கிறார்கள், சார், என்கிறேன். "நீ?" சிலர் சொல்கிறார்கள், சார். அவர் பெண்டாட்டியைப் பார்த்துக் கண்ணடிக்கிறார், "இவ பார்த்திருக்கா, மூஞ்சியைப் பாரு." அந்த அம்மா அடுப்பங்கல் பக்கம் போய் நின்று, "ஐயையோ ஜெஃப், இங்கே வா, இங்கே நில்லு, யாரோ தொடுறாங்க" என்கிறாள். அவர் போய் நிற்கிறார். இரண்டு பேரும் சின்னப் பிள்ளைகள் மாதிரிக் கையைப் பிடித்துக்கொள்கிறார்கள். எவ்வளவு லேசாக இருக்கிறது அவர்களுக்கு. வீட்டுக்குப் போய் டீ குடித்துக்கொண்டு சொல்வார்கள். வினோவும் அப்படித்தான் சொன்னாள், போன வருஷம் ஜூன் மாதம் காலேஜ் விடுமுறையில் இங்கே வழிகாட்டி வேலைக்குச் சேர்ந்தபோது, பச்சைப் பாவாடை கட்டிக்கொண்டு வந்து, "யம்மா, இன்னைக்கு ரெண்டு பேரு மயங்கி விழுந்தாங்க, நான் அவ்வளவு நல்லாச் சொல்லுதேன்" என்றாள்.

ஆகஸ்டில் சொல்லுவதை நிறுத்தினாள். செப்டம்பரில் பேசுவதையே நிறுத்தினாள். சோற்றைப் பிசைவாள், வாய்க்குக் கொண்டு போக மாட்டாள். ஜன்னல் பக்கம் உட்கார்ந்து தெருவைப் பார்த்துக்கொண்டே இருப்பாள், தலைமுடி சிக்குப் பிடித்துக் கிடந்தது, நான் சீப்பை எடுத்துக்கொண்டு போனால் தள்ளிவிடுவாள். ஒரே ஒரு நாள் அவளாகச் சொன்னாள், "யம்மா, எனக்கு டாக்டரைப் பாக்கணும், மனசு என்னமோ செய்யுது." மனசுக்கு டாக்டரா? எங்கள் குடும்பத்தில் யாருக்கு அப்படி, நாளைக்கு ஊரில், நாசரேத்தில், சொந்தக்காரர்களுக்குத் தெரிந்தால் என்ன சொல்லுவார்கள், யார் கட்டுவார்கள், நான் அதைத்தான் முதலில் நினைத்தேன், அதை மறைக்க மாட்டேன். இரண்டாவது நினைத்ததுதான் அந்தப் பொம்பளையை. கதை அப்படியே பொருந்தியது. சாப்பிட மாட்டாள், பேச மாட்டாள், சிரிக்க மாட்டாள். ஊரில் இருக்கிற ஜெபக்குழு பிரதருக்குப் போன் போட்டேன், அவர் வீடியோவில் வினோவைப் பார்த்தார், வினோ முகத்தைத் திருப்பிக்கொண்டாள், "பாத்தீங்களா சிஸ்டர், ஜெபம்னா திரும்புது" என்றார். தண்ணீர்கூட இல்லாத உபவாசம், மூன்று நாள், பிள்ளைக்கும் எனக்கும். அறைக் கதவை வெளியே பூட்டச் சொன்னார். பூட்டினேன். நானும் குடிக்கவில்லை, ஒரு சொட்டு நான் குடிக்கவில்லை, கதவுக்கு வெளியே நடைவழியில் பாய் போட்டு உட்கார்ந்திருந்தேன், நாக்கு அண்ணத்தில் ஒட்டிக்கொண்டது. இதை ஏன் எனக்கு நானே சொல்லிக்கொள்கிறேன், நானும் குடிக்கவில்லை, நானும் குடிக்கவில்லை என்று. நான் எழுந்து போய்க் குழாயைத் திறந்திருக்கலாம். சாவி என் மடியில் இருந்தது.

இரண்டு நாற்பது. யார்க்ஷயர்க்காரர்கள் போய்விட்டார்கள். வெளிச்சம் குறைகிறது, நவம்பரில் இங்கே மூன்று மணிக்கே பொழுது சாய்கிற மாதிரி ஆகிவிடும், கம்பளத்தில் ஊறின வாசம் வருகிறது. வந்ததும் என்ன சொல்லலாம்? பார்த்தேன் என்று சொல்லலாம். நான் இங்கேயே பதினோரு மாதம் வேலை பார்க்கிறேன், என் கண்ணால் பார்த்தேன், நெசந்தான், இருக்கா, உன்னைப் பிடிச்சது நெசம், நான் செஞ்சதும் அதுக்குத்தான் என்று சொல்லலாம். அவள் நம்புவாள். அதுதான் பயம், அவள் நம்புவாள், இன்னும் இரண்டு கண்ணாடியை மூடுவாள். இல்லை என்று சொன்னால்? இல்லை என்று சொன்னால் அந்த மூன்று நாள் யார் செய்தது? பேயும் இல்லை, பிரதர் ஐயாயிரம் மைலுக்கு அப்பால் ஒரு போனுக்குள் இருந்தார், ஆசீர் கீழே பரோட்டா போட்டுக்கொண்டிருந்தார், மாடியில் யார் இருந்தது? இங்கேதான் திரும்பத் திரும்ப வந்து நிற்கிறேன், செக்கு மாடு மாதிரி சுற்றி வந்து இதே இடத்தில் நிற்கிறேன், இதற்கு அடுத்த அடி வைக்க மாட்டேன் என்கிறேன். அடுத்த அடி என்னவென்று தெரியும். மூன்றாம் நாள் மத்தியானம். பிரதர் போனைக் கதவு இடுக்கு வழியாகக் காட்டச் சொன்னார். நான் கதவைத் திறந்தேன். வினோ கட்டிலுக்கும் சுவருக்கும் நடுவில் தரையில் கிடந்து என்னைப் பார்த்தாள். உதடு வெடித்திருந்தது. பிரதர் சத்தம் போட்டு ஜெபித்தார், நடுவில் கேட்டார், "தெரியுதா சிஸ்டர்? பிள்ளை கண்ணுக்குள்ளே அந்த ஸ்திரீ தெரியுதா?"

நான் எட்டாம் வகுப்பு வரைக்கும் படித்தேன். கணக்கு வாத்தியார் கரும்பலகையை ஒரு அடி அடித்துவிட்டு "புரிஞ்சுதா?" என்று கேட்பார், நாங்கள் அத்தனை பேரும் "புரிஞ்சுது சார்" என்போம், ஒருவருக்கும் புரிந்திருக்காது. அப்புறம் அம்மா என்னை நிறுத்தித் தம்பிகளைப் பார்த்துக்கொள்ள வைத்துவிட்டாள். ஆனாலும் அந்தப் பதில் என் வாயில் தங்கிவிட்டது. சபையில் பிரசங்கத்தில் கேட்டால் ஆமென் என்பேன். மாமியார் கேட்டால் சரி என்பேன். விசா ஆபீசில் கேட்டால் எஸ் என்பேன். எதைக் கேட்டாலும் கேட்கிறவர் முகம் வாடக் கூடாது என்று ஒரு பதற்றம், பிறவியிலேயே வந்தது. "தெரியுதா சிஸ்டர்?" தெரியுது பிரதர் என்றேன். சத்தமாகச் சொன்னேன். வினோ கேட்டாள். அவள் என் கண்ணையே பார்த்துக்கொண்டிருந்தாள், நான் தெரியுது என்று சொன்னதும் அவள் முகம், அவள் முகம், அதை நான் இன்றைக்கு வரைக்கும் முழுசாக நினைத்ததில்லை, அவள் தன் பக்கத்தில் யார் இருக்கிறார்கள் என்று திரும்பிப் பார்த்தாள். அதற்குப் பிறகுதான் ஆசீர் மேலே ஓடி வந்து என்னைத் தள்ளிவிட்டுப் பிள்ளையைத் தூக்கிக்கொண்டு ஆஸ்பத்திரிக்குப் போனார். அங்கே ஊசி வழியாகத் தண்ணீர் ஏற்றினார்கள். அங்கிருந்து அவள் வீட்டுக்கு வரவில்லை.

படியில் சத்தம். ஒரு ஆள். எல்ஸ்பெத் இல்லை, முனகல் இல்லை. நான் எழுந்து நிற்கிறேன், எண்ணும் கருவி கையில், அமுக்கலாமா வேண்டாமா என்று ஒரு பைத்தியக்கார யோசனை, அமுக்கவில்லை. வாசலில் வினோலியா. மெலிந்துவிட்டாள், முடியைக் கழுத்தளவுக்கு வெட்டிவிட்டாள், தலையிலிருந்து தண்ணீர் சொட்டுகிறது, குடை இல்லை. உள்ளே வரவில்லை. நிலைப்படியைப் பிடித்துக்கொண்டு அறையைப் பார்க்கிறாள், கட்டிலை, ஜன்னலை, கடைசியில் என்னை. "யம்மா" என்றாள். வா பிள்ள, வா, என்றேன். வந்ததும் நான் பேச ஆரம்பித்துவிட்டேன், வாய் அதுபாட்டுக்குப் போனது, அடுப்புக்குள் செங்கல் பெயர்ந்திருக்கு வினோ, அந்தக் காத்துதான் தோள்ல படுது, வா காட்டுதேன், இந்தக் கம்பளத்துக்கு அடியில பாரு, ஈரம், சிம்னிக்குள்ள காக்கா... "யம்மா, அதெல்லாம் எனக்குத் தெரியும். நான் இங்க வேலை பாத்தவதான." அவள் குரல் தேய்ந்திருந்தது. "நான் இந்த ரூமைப் பத்திக் கேக்க வரலை. அன்னைக்கு என்னைப் பாத்துத் தெரியுதுன்னு சொன்னியே. என்ன தெரிஞ்சுது? அதை மட்டும் சொல்லு."

எதிர்பார்த்த கேள்விதான். ஜன்னலைப் பார்த்தேன், இப்போதாவது வர மாட்டாளா என்று ஒரு கடைசி ஆசை, வெளியே மழையும் எதிர் வீட்டுக் கூரையும்தான். ஒண்ணும் தெரியலை, என்றேன். "அப்படின்னா?" பிரதர் கேட்டாரு. தெரியுதுன்னு சொல்லிட்டேன். பொய் சொன்னேன். "பொய்யா?" ஆமா. உன் கண்ணுல நீதான் இருந்தே. வேற யாரும் இல்லை. ஒருநாளும் இருந்ததில்லை. உன்னைப் பூட்டினது நான்தான் வினோ, என் கையால, என்னை யாரும் வந்து பிடிக்கலை, எனக்கு நாலு பேருக்குத் தெரிஞ்சிருமேன்னு பயம். திட்டுவாள் என்று நினைத்தேன், அடித்தால்கூட வாங்கிக்கொண்டிருப்பேன். அவள் வேறு ஒன்று கேட்டாள். "உள்ள இருந்து தண்ணி கேட்டுச்சே, ஒரு குரல். அது என்னோட குரல் இல்லை, அந்தப் பொம்பளைதான் என் வாயில இருந்து கேக்குதுன்னு அந்த ஆளு சொன்னாரு. எனக்கு இப்பவும் அந்தக் குரல் கேக்கும். நான்தான் கேட்டேனா?" நீதான் கேட்டே. "உனக்குக் கேட்டுச்சா?" கேட்டுச்சு. பதினேழு தடவை கேட்டே. முதல் நாள் ஒன்பது, ரெண்டாம் நாள் ஆறு, கடைசி நாள் ரெண்டு. கடைசியில இங்கிலீஷ்ல கேட்டே, ப்ளீஸ் போட்டுக் கேட்டே. நான் எண்ணிக்கிட்டேதான் உக்காந்திருந்தேன். அவள் என்னைப் பார்த்த பார்வையில் மன்னிப்பு என்று எதுவும் இல்லை, நான் பொய் சொல்ல மாட்டேன், இல்லை. ஆனால் என்னைத் தாண்டி, என் பக்கத்தில், பின்னால் யாரையும் அவள் தேடவில்லை. என்னை மட்டும்தான் பார்த்தாள். பிறகு அவள் முகம் குழைந்து, நெஞ்சில் எங்கேயோ அடைத்திருந்த ஒன்று வெளியே வருகிற மாதிரி மூச்சு வந்தது, சுவரைப் பிடித்துக்கொண்டு அழுதாள், சின்னப் பிள்ளையில் அழுத மாதிரி மூக்கால் அழுதாள். நான் தொடவில்லை. தொட எனக்கு என்ன உரிமை.

எல்ஸ்பெத் எப்போது மேலே வந்தாளோ தெரியவில்லை, நிலைப்படியில் நின்றாள், எங்கள் பாஷை அவளுக்குத் தெரியாது, ஆனால் இரண்டு முகத்தையும் பார்த்துவிட்டு வினோவிடம், "செல்லமே, நீ எங்க பழைய கைடு இல்லே? உன்னை மாதிரி ஆளுகளை மயங்க வைக்க இப்ப ஒருத்தரும் இல்லை" என்றாள். வினோ மூக்கைத் துடைத்துக்கொண்டு ஒரு மாதிரியாகச் சிரித்தாள். பிறகு என்னிடம் தமிழில், "நாலு மணி பஸ்ல போறேன்" என்றாள். நான் கீழ வரைக்கும் வரவா என்று கேட்டேன், கேட்டுவிட்டு, வேண்டாம் என்றால் வேண்டாம் என்றேன். "வேண்டாம்" என்று சொல்லிப் படியில் நாலு எட்டு இறங்கினாள். நின்றாள். திரும்பாமலே சொன்னாள், "சரி, வா. பஸ் ஸ்டாப் வரைக்கும். ஆனா பேசக் கூடாது. ஒரு வார்த்தை பேசக் கூடாது, சரியா?" நான் எண்ணும் கருவியை எல்ஸ்பெத் கையில் வைத்தேன், நாற்காலியைக் காட்டினேன், அவள் போ போ என்று கையை ஆட்டினாள்.

வாசலுக்கு வெளியே கல் பாவிய தெரு மழையில் மினுங்கிக்கொண்டிருந்தது. அவள் முன்னால் போனாள், நான் மூன்று எட்டுப் பின்னால். விளக்குகள் எரியத் தொடங்கிவிட்டன, ரொட்டிக் கடையில் கதவை இழுத்து மூடுகிறார்கள், எவனோ ஒருவன் நாயோடு எங்களைக் கடந்து போனான். அவள் கோட்டுத் தொப்பி முதுகில் தொங்கிக்கொண்டிருந்தது, வெட்டின முடி நனைந்து பிடரியில் ஒட்டியிருந்தது, பிடரி வெள்ளையாக, குச்சி மாதிரி. சளி பிடிக்கும். தொப்பியை எடுத்துத் தலையில போடு பிள்ள, சாப்டியா, ரூம்ல ஹீட்டர் ஒழுங்கா வேலை செய்யுதா, மருந்து சாப்பிடுதியா, அந்த டாக்டர் நல்லவங்களா, நெஞ்சு வரைக்கும் வந்தது, தொண்டைக்கு வந்தது, பல்லைக் கடித்துக்கொண்டேன். சந்தைச் சிலுவைக்குப் பக்கத்தில் நின்றோம். பஸ் வர இன்னும் எட்டு நிமிஷம் இருந்தது. மழை அவள் தலைமேல் விழுந்துகொண்டே இருந்தது. நான் பேசவில்லை.